பொய்முதலையும் சிவப்புப் பேனாவும்

மார்ச் 3, செவ்வாய்

இன்று முதல் என் பிழைப்பு முதலைகளோடு. அருங்காட்சியகத்தில் புதுக் கூடம் திறக்கப் போகிறார்கள். முதலையின் பழங்காலச் சொந்தக்காரர்கள் எல்லாம் பெட்டி பெட்டியாக வந்து இறங்கிவிட்டார்கள். எலும்பு அவர்களுடையது, பெயர்ப்பலகை என்னுடையது. அடுத்த மாதம் திறப்பு.

மாலையில் திடீர் மழை. குடையை எடுத்துக்கொண்டு பள்ளி வாசலுக்குப் போனேன். நம்மாள் தோழிகளோடு வெளியே வந்தாள். ஒருத்தி என்னைப் பார்த்துவிட்டு, "யாருடி இவங்க?" என்றாள்.

நம்மாள் கொஞ்சம் யோசித்தாள். "எங்க வீட்ல இருக்காங்க."

எங்கள் வீட்டில் இருப்பவை: ஃப்ரிட்ஜ், செருப்பு அலமாரி, நான்.

நம்மாள் என்பது இவருடைய மகள். வயது பதினான்கு. அவளுடைய அம்மா வேறு ஊரில் வேலை பார்க்கிறார், ஞாயிறு தவறாமல் ஃபோனில் பேசுவார். நான் இவரைக் கல்யாணம் செய்துகொண்டு இந்த வீட்டுக்கு வந்து இரண்டு வருஷம் ஆகப் போகிறது. இன்றுவரை அவள் என்னை எதுவும் சொல்லிக் கூப்பிட்டதில்லை. அம்மா இல்லை (அந்தப் பதவி காலியாக இல்லை, நானும் கேட்கவில்லை). ஆன்ட்டிகூட இல்லை, அது மாடிவீட்டுக்காரருக்குப் போய்விட்டது. எதிரில் வந்து நிற்பாள், தொண்டையைச் செருமுவாள், "ஒரு நிமிஷம்" என்பாள். நான் அடுத்த அறையில் இருந்தால் கதவைத் தட்டுவாள். திறந்திருக்கும் கதவையும்.

எனக்கு ஒரு பெயர் வேண்டும். அவ்வளவுதான். சொல் விற்றுச் சாப்பிடுகிறவளுக்குச் சொந்த வீட்டில் ஒரு சொல் கிடைக்கவில்லை.

மார்ச் 5, வியாழன்

கழுத்தெலும்புகளோடு ஒரு நாள். எனக்கும் கழுத்து வலி.

மார்ச் 9, திங்கள்

எலும்பக்காவோடு முதல் சண்டை. கூடத்தின் ஆராய்ச்சியாளர் அவர்தான். என்னைவிடச் சில வயது மூத்தவர், புதைபடிவம் தவிர வேறு எதையும் நேராகப் பார்க்க மாட்டார். நேரில் அக்கா, இங்கே எலும்பக்கா.

கூடத்தில் நிற்கும் கூட்டத்துக்கு அறிவியலில் ஒரு பொதுப்பெயர் இருக்கிறது. அதைத் தமிழில் போட்டால் 'பொய்முதலைகள்'. சரி, முதலை மாதிரி தோற்றம், ஆனால் முதலை இல்லை, பொருத்தமான பெயர்தான் என்று எழுதிக்கொண்டேன். போகிற போக்கில் அக்கா சொன்னார்: "நிஜ முதலையும் இதுலதான் வரும்."

"எதுல?"

"பொய்முதலைல."

எனக்குத் தலை சுற்றியது. விஷயம் இதுதான். நூற்றுச் சொச்சம் வருஷத்துக்கு முன்னால் பெயர் வைத்தவர்கள், இவை முதலையின் சொந்தம் இல்லை, வெறும் சாயல்தான் என்று நினைத்துவிட்டார்கள். பிறகு எலும்பு எலும்பாகப் பார்த்ததில் முதலைகளே இந்தக் கூட்டத்திலிருந்து கிளைத்தவை என்று தெரிந்தது. இப்போது பறவையைவிட முதலைக்கு நெருங்கிய சொந்தம் எல்லாமே பொய்முதலை. ஆற்றில் இன்று வாய் பிளந்து கிடப்பது உட்பட.

"அப்ப பேர மாத்திடலாமே அக்கா. முதலை வம்சம்னு போடலாமா?"

"வச்ச பேர் வச்சதுதான். உங்களுக்குப் புரியலைங்கறதுக்காக மாத்த முடியுமா?"

இதற்குப் பிறகு அரை நாள், அது பொய்முதலையா பொய்ம்முதலையா என்று எனக்குள்ளேயே வாதாடிக்கொண்டிருந்தேன். இலக்கணத்தில் இரண்டுக்கும் இடம் உண்டு. அக்காவிடம் சொன்னேன். அவர் என்னைப் புதைபடிவத்தைப் பார்ப்பது போலப் பார்த்தார். அதாவது, நேராக.

மார்ச் 12, வியாழன்

பொய்முதலைகளுக்குள்ளேயே முதலைக்கு ரொம்ப நெருங்கிய கிளை ஒன்று. ஆரம்பத்தில் நாய் அளவுதான், ஒல்லி உடம்பு, நீளக் கால், தரையில் ஓட்டம். அதற்கு 'முதலையுருவி' என்று எழுதிக் கொடுத்தேன். இயக்குநர் படித்துவிட்டு, "நாயுருவி மாதிரி ஏதோ மூலிகையா மேடம்? பல்வலிக்கு நல்லதா?" என்றார். கிழித்துப் போட்டேன். அவருடைய யோசனை 'முதல் முதலை'. வேகமாகச் சொன்னால் நாக்கு சுளுக்கும். 'ஓட்ட முதலைகள்' என்று முடிவானது. ஓட்டை முதலை என்று எவனாவது படிக்காமல் இருக்க வேண்டும்.

வீட்டுக்கு வந்தால் ஃப்ரிட்ஜில் நம்மாள் ஒட்டிய சீட்டு. 'ரொட்டி தீர்ந்து விட்டது. பால் பாக்கெட் உடைத்து குடித்தேன்.' எங்கள் இரண்டு பேருக்கு நடுவே நடக்கும் பேச்சில் பாதி இப்படி ஃப்ரிட்ஜ் வழியாகத்தான். தொண்டையைச் செரும வேண்டியதில்லை அல்லவா?

கை சும்மா இருந்ததா? 'தீர்ந்துவிட்டது' என்று சேர்த்து, 'உடைத்துக் குடித்தேன்' என்று ஒரு க் போட்டு, சிவப்புப் பேனாவால் திருத்தி வைத்தேன்.

மார்ச் 13, வெள்ளி

இன்றைய சீட்டில் எழுத்தே இல்லை. காலி ரொட்டி உறையின் படம். அதன் மேல் ஒரு ஈ.

மார்ச் 16, திங்கள்

சோப்பு தீர்ந்ததற்குக் குமிழி. பல்பு போனதற்கு இருட்டு அறையில் இரண்டு கண். இவர் தாமதமாக வருவார் என்பதற்கு, பஸ் ஜன்னலில் வாய் திறந்து தூங்கும் ஒரு முகம். அச்சு அசல் இவர்தான்! எனக்குச் சிரிப்பு அடங்கவில்லை. பிறகுதான் உறைத்தது. இருந்த நாலு வார்த்தையையும் நானே பிடுங்கிவிட்டேன். ஏன் இந்தக் கை இப்படி இருக்கிறது?

மார்ச் 20, வெள்ளி

கோபம். எழுதினால்தான் அடங்கும்.

இவரிடம் போன வாரமே சொன்னேன், அவளா ஒரு பேர் சொல்லிக் கூப்பிட்டா நல்லா இருக்கும், நீங்க எதுவும் கேக்காதீங்கன்னு. கேக்காதீங்கன்னுதானே சொன்னேன்? இன்று சாப்பாட்டு மேஜையில் உப்பு கேட்பது போலக் கேட்டார். "ஏம்மா, இவங்கள சித்தின்னு கூப்பிடேன்."

நம்மாள் தட்டிலிருந்து தலையை எடுக்கவில்லை. "எனக்கு சித்தி இருக்காங்க. அம்மாவோட தங்கச்சி."

"அதுக்கில்லம்மா..."

"ரெண்டு பேரையும் சித்தின்னா குழப்பமா இருக்காதா?"

அவள் சொன்னதில் என்ன தப்பு? ஒன்றும் இல்லை. ஒரு சொல்லுக்கு ஒரு பொருள் என்று அலுவலகத்தில் நானே தொண்டை கிழியக் கத்துகிறேன். ஆனால் அழுகை வந்தது. உப்பு அதிகம் என்று சொல்லிக்கொண்டு எழுந்து போனேன். போட்டது நான்தான், அதிகம் இல்லை.

பிறகு இவர் வந்து, "பேர்ல என்ன இருக்கு, பசிச்சா உன்கிட்டதானே வந்து நிக்கிறா" என்றார். முப்பது பலகை எழுதி ராத்திரி கண் எரியுதே எனக்கு, என்கிட்டயா கேக்கறீங்க பேர்ல என்ன இருக்குன்னு? கேட்கவில்லை. போர்வையை மட்டும் முழுசாக இழுத்துக்கொண்டேன்.

மார்ச் 24, செவ்வாய்

கூடத்து வாசலில் பெரிய பலகை ஏறிவிட்டது. 'பொய்முதலைகள்' என்று முழங்கை உயர எழுத்து. விளக்கு மாட்ட வந்தவர் ஏணியிலிருந்து இறங்கி எல்லா எலும்பையும் சுற்றிப் பார்த்துவிட்டுக் கேட்டார்: "இது எல்லாம் டூப்ளிகேட்டா? அப்ப ஒரிஜினல் எந்த ரூம்ல இருக்கு?"

இயக்குநர் காதில் விழுந்துவிட்டது. என்னைக் கூப்பிட்டார். "பொய்னு போட்டு டிக்கெட் விக்க முடியுமா மேடம்? ஒண்ணு பேர மாத்துங்க, இல்லேன்னா படிச்ச உடனே புரியற மாதிரி பக்கத்துல நாலு வரி எழுதுங்க. ரெண்டும் முடியலேன்னா பலகைய எறக்கிடறேன்."

பெயரை மாற்ற எலும்பக்கா விட மாட்டார். அவரிடம் இன்னும் இரண்டு கதை இருக்கிறது. 'கழுகுப்பல்லி' என்று ஒன்று. மண்டையோடு பறவை மாதிரி இருந்ததாம், அதனால் கழுகாம். உண்மையில் முதுகெல்லாம் கவசம் போட்டுக்கொண்டு பெரும்பாலும் செடி கொடி மேய்ந்த பிராணி. 'தாவரப்பல்லி' என்று இன்னொன்று. தாடையில் அடைத்திருந்த மண் கல்லானதை இலைதின்னியின் பல் என்று நினைத்துப் பெயர் வைத்துவிட்டார்கள். அது தின்றதோ மீனும் இறைச்சியும். இந்தத் தாவரப்பல்லி பார்ப்பதற்கு அப்படியே முதலை, மூக்குத் துவாரம் மட்டும் கண்ணுக்குப் பக்கத்தில். ஆனால் அது இந்தக் குடும்பத்துக்குள்ளா வெளியிலா என்று ஆராய்ச்சியாளர்கள் இன்னும் அடித்துக்கொள்கிறார்கள். அதனால் அக்கா அதைக் கூடத்தின் நிலைப்படியிலேயே நிறுத்திவிட்டார். பாதி உள்ளே, பாதி வெளியே.

அதைத் தாண்டும்போதெல்லாம் எனக்கு நலம் விசாரிக்கத் தோன்றுகிறது.

நாலு வரி எழுதினேன். பன்னிரண்டு வரி வந்தது. 'வகைப்பாட்டியல் மறுபரிசீலனையின் விளைவாக' என்று ஆரம்பித்தது. எனக்கே கொட்டாவி.

மார்ச் 26, வியாழன்

நம்மாள் சாவியை மறந்து வைத்துவிட்டுப் போய், பள்ளி முடிந்து நேராக அருங்காட்சியகத்துக்கு வந்தாள். என் அறைக் கதவைத் தட்டினாள் (திறந்திருந்தது). வேலை முடியும்வரை கூடத்தில் உட்காரட்டும் என்று விட்டேன். போய்ப் பார்த்தால், நிலைப்படித் தாவரப்பல்லிக்கு முன்னால் சம்மணம் போட்டு உட்கார்ந்து வரைந்துகொண்டிருந்தாள்.

"இதுக்கு மூக்கு ஏன் கண்ணுகிட்ட இருக்கு?"

என்னிடம்தான். தொண்டையைச் செருமவில்லை, ஒரு நிமிஷம் கேட்கவில்லை! அவசரப்பட்டுக் காரியத்தைக் கெடுத்துவிடக் கூடாது என்று நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். "தெரியல. அது அப்படித்தான்."

பலகையை அண்ணாந்து பார்த்தாள். "பொய்முதலைன்னா, நிஜ முதலை இதுல வராதா?"

"வரும்."

"அப்புறம் எப்படி பொய்?"

"முதல்ல பாத்தவங்க இது முதலைக்கு சொந்தமே இல்ல, சும்மா சாயல்தான்னு நெனச்சு அப்படி பேர் வச்சிட்டாங்க. அப்புறமாத்தான் எல்லாம் ஒரே குடும்பம்னு தெரிஞ்சுது. அதுக்குள்ள பேர் நின்னுபோச்சு."

"ஓ." பென்சிலைக் கடித்தாள். பிறகு என் கையில் இருந்த பன்னிரண்டு வரியை எட்டிப் படித்தாள். "இப்ப சொன்னது நல்லாதானே இருந்துது? எழுதறப்ப மட்டும் ஏன் இப்படி ஆயிடறீங்க?"

எனக்குச் சுருக்கென்றது. கூடவே ஒரு சந்தோஷம். திட்டுவதற்காவது ஆள் ஆகிவிட்டேன்.

மார்ச் 27, வெள்ளி

பலகை பிழைத்தது. அதன் பக்கத்தில் ஏறப்போகும் வரிகள்:

'முதலில் பார்த்தவர்கள், இவை முதலைக்குச் சொந்தம் இல்லை, வெறும் சாயல்தான் என்று நினைத்து, பொய்முதலை என்று பெயர் வைத்தார்கள். பிறகுதான் தெரிந்தது, நிஜ முதலையும் இந்தக் குடும்பம்தான் என்று. பெயரை யாரும் மாற்றவில்லை. இங்கே இருக்கும் எலும்புகள் எல்லாம் உண்மையானவை.'

கடைசி வரி இயக்குநருக்காக. எலும்பக்கா இரண்டு தரம் படித்துவிட்டு, "தப்பு ஒண்ணும் இல்ல" என்றார். அவர் வாயில் இது பொன்னாடை.

மார்ச் 29, ஞாயிறு

திறப்பு ஏப்ரல் ஒன்றாம் தேதி என்று அழைப்பிதழே தயாராகிவிட்டது. பொய்முதலைக்கு இதைவிடப் பொருத்தமான நாள் உண்டா என்று எல்லோரும் கேட்கவும், இயக்குநர் இரண்டாம் தேதிக்குத் தள்ளிவிட்டார்.

நம்மாள் தோழிகளோடு வருவாளாம். அவளே இவரிடம் சொன்னாளாம். வந்தால் அந்தத் தோழி மறுபடியும் கேட்பாள், இவங்க யாருன்னு. இந்த முறை நம்மாள் என்ன சொல்வாள்? எலும்புகளைவிட எனக்கு இதுதான் பயமாக இருக்கிறது.

ஏப்ரல் 2, வியாழன்

நல்ல கூட்டம். யாரும் டிக்கெட் காசைத் திருப்பிக் கேட்கவில்லை.

பயந்தபடியே நடந்தது. நான் கழுகுப்பல்லிக்குப் பின்னால் கண்ணாடி துடைத்துக்கொண்டிருந்தேன். கவசத்தின் இடுக்கு வழியாக எல்லாம் தெரிந்தது. குடையோடு போன அன்று பார்த்த அதே தோழி. "இதெல்லாம் உங்க வீட்ல இருக்காங்களே, அவங்க எழுதினதா? ஆமா, உனக்கு அவங்க யாரு?"

நம்மாள் அவளை இழுத்துக்கொண்டு போய்ப் பெரிய பலகைக்கு முன்னால் நிறுத்தினாள். "இத படி."

தோழி படித்தாள். நம்மாள் அவள் காதில் என்னவோ சொன்னாள். இரண்டு பேரும் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார்கள்.

கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லாமல் தப்பிக்க அவளுக்கு இன்னொரு வழி கிடைத்துவிட்டது. அதையும் எழுதிக் கொடுத்தது நான். பரவாயில்லை, சிரித்தாளே. இல்லை, பரவாயில்லை என்றெல்லாம் இல்லை. வலிக்கத்தான் செய்கிறது.

ஏப்ரல் 6, திங்கள்

வீடு திரும்பினால் யாரும் இல்லை. ஃப்ரிட்ஜில் ஒரு சீட்டு. படம் மட்டும் இல்லை, எழுத்தும்.

'பொம்மா, ரொட்டி தீர்ந்து விட்டது. டியூஷன் போய் விட்டு வருகிறேன். சாவி எடுத்து கொண்டேன்.'

பொம்மை என்று எழுத வந்து கை தவறியதோ என்று நினைத்தேன். அப்போதும் பொருள் வரவில்லை. பழக்கதோஷம், சிவப்புப் பேனாவின் மூடியைக்கூடத் திறந்துவிட்டேன். பிறகுதான் கீழே இருந்த படத்தைப் பார்த்தேன். ஒரு தாவரப்பல்லி. மூக்கு கண்ணுக்குப் பக்கத்தில். மூக்கின் மேல் என் மூக்குக்கண்ணாடி, நூல் கட்டிய அதன் இடது கம்பி உட்பட. அது ஒரு கதவின் நிலைப்படியைத் தாண்டி, வாலையும் உள்ளே இழுத்துக்கொண்டு, எங்கள் செருப்பு அலமாரிக்குப் பக்கத்தில் நிற்கிறது.

பொய். அம்மா.

அன்று காதில் சொன்னது இதுவா? இதைச் சொல்லித்தான் சிரித்தார்களா?

ஃப்ரிட்ஜின் முன்னால் நின்று எவ்வளவு நேரம் அழுதேன் என்று தெரியாது. சிரித்தும் இருக்கிறேன் போலிருக்கிறது, மாடிவீட்டுக்காரர் என்ன சத்தம் என்று எட்டிப் பார்த்தார்.

'தீர்ந்துவிட்டது' என்று சேர்த்து எழுத வேண்டும். 'எடுத்துக்கொண்டேன்' என்பதில் ஒரு க் குறைகிறது. பொய்யும் அம்மாவும் சேர்ந்தால் இலக்கணப்படி 'பொய்யம்மா' என்றுதான் வர வேண்டும்.

பேனாவை மூடி வைத்துவிட்டு ரொட்டி வாங்கப் போனேன்.