முடிக்க விடாத கடகம்

என் வாய்க்கு ஈடுகொடுத்த ஒரே மச்சாளுக்கு,

களைப்பாக இருக்கிறது. நீங்கள் கண்ணை மூடிய பிறகும், ஓர்ஸ் ஹில் ஹோட்டலில் வருகிறவர்களுக்குப் பின்னிக் காட்டுகிற அதே பாயில்தான் இருக்கிறேன். உங்கள் பக்கம் காலி. வருகிறவர்கள் அங்கே நின்று படம் பிடிக்கிறார்கள்.

நீங்கள் கடைசியாகத் தொடங்கிய பனையோலைக் கடகம் நினைவிருக்கிறதா? அடி முடித்து, சுவர் நாலு விரல் ஏறியிருந்தது. அதை முடிக்க மனேஜர் விடவில்லை. "பாதியில இருந்தாத்தான் ஆக்கள் நின்று பாப்பினம்" என்றார். வேறு ஓலை கீறி வார்ந்து புதிதொன்று தொடங்குகிறேன் என்றேன். தரை ஊத்தையாகுமாம்.

ஆகவே பகல் முழுக்கப் பின்னுவேன். பின்னேரம் அவிழ்ப்பேன். உங்கள் நாலு விரலுக்கு வந்ததும் நிறுத்திவிடுவேன். வாடைக்காற்றில் என் அண்ணன், உங்கள் மனுசன், கடலுக்குப் போகாத நாட்களில் என் சம்பளத்தில்தான் உலை கொதிக்கிறது. வாயை மூடிக்கொண்டு அவிழ்த்தேன், மச்சாள். எங்கள் கைவேலையைக் காப்பாற்றுகிறோம் என்று வாசலில் பலகை வேறு வைத்திருக்கிறார்கள். எதை, யாருக்காகக் காப்பாற்றுகிறார்கள்?

உங்கள் கண்ணாடியைக் கழற்றச் சொன்னதும் இதே மனேஜர்தானே.

"அந்தக் காலத்து ஆக்கள் மாதிரி இருக்கோணும் அக்கா."

"அந்தக் காலத்து ஆக்களுக்குக் கண் தெரியாதோ தம்பி?"

நான் சிரித்தேன். நீங்கள் கழற்றி வைத்துவிட்டு விரலால் தடவித் தடவிப் பின்னினீர்கள். ஓரிடத்தில், ஒன்றைத் தாண்ட வேண்டிய ஓலை இரண்டைத் தாண்டி ஓடியிருக்கிறது.

அவிழ்த்து அவிழ்த்து ஓலை வெடிக்கத் தொடங்கிவிட்டது. நேற்று ஒரு வெடிப்பு உங்கள் பகுதியின் விளிம்புக்கே வந்துவிட்டது. இன்னொரு தடவை அவிழ்த்தால் உங்கள் பின்னலும் போய்விடும். இன்று காலை விளிம்பு கட்டுகிற நாரைச் சேலைத் தலைப்பில் முடிந்துகொண்டு போனேன். என் கண்ணாடியையும் கழற்றவில்லை.

கனடாவிலிருந்து வந்த ஒரு அம்மா குந்தியிருந்து பார்த்தா. "இது எப்ப பிள்ளை முடியும்?"

"முடிக்க விடமாட்டினம் அம்மா."

"ஏன், ஏலாதோ?"

"எனக்கு ஏலும். இன்டைக்கு முடிக்கிறன், இருந்து பாருங்கோ."

அவ அசையவில்லை. சுவரை ஏற்றி, விளிம்பு மடித்து, நாரால் இறுக்கிக் கட்டினேன். அவ கை தட்டினா. மனேஜர் ஓடி வந்தார்.

"என்ன செய்திட்டீர்? நாளைக்கு எதைக் காட்டுறது?"

"எங்கட சல்லி ஊருக்கு வாங்கோ. இதில கருவாடு அள்ளுறதைக் காட்டுறன்."

வேலை இருக்கிறதா, போய்விட்டதா என்று அவர் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. கடகத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு பஸ் ஏறிவிட்டேன்.

அண்ணன் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அந்தப் பிழையில் விரல் நின்றது. "இது அவள்ர கைதான்," என்றார். பிளாஸ்டிக் வாளியில் வேர்த்துக் கிடந்த சூடைமீன் கருவாட்டை அதில் மாற்றிக் கொட்டினார். வீடு முழுக்க நாறுகிறது. உங்களுக்குப் பிடித்திருக்கும்.

நாளை கூப்பிட்டால் போவேன், மச்சாள். உலை கொதிக்க வேண்டுமே. ஆனால் கண்ணாடியோடுதான் இருப்பேன். பின்னியதை இனி அவிழ்க்க மாட்டேன்.

அந்தப் பாயில் உங்கள் பக்கத்தில் இன்னும் இருக்கிற மச்சாள்,
சாந்தி