இபானுக்காகப் பறித்த லெட்யூஸ்

யுவஸ்ரீ,

நைட் ஷிப்ட் முடிந்து அயர்ந்து தூங்குகிறாய், எழுப்ப மனம் வரவில்லை. நான் வேலைக்குக் கிளம்புகிறேன்.

நேற்று காலை உன் சிநேகிதி இபான் வாசலில் நிற்பது தெரியாமல், "மாட்டுக்கறியெல்லாம் நம்ம ஊட்டுக்கு ஆவாதுடி" என்று கத்திவிட்டேன். டீ கூடக் குடிக்காமல் திரும்பிவிட்டாள். அப்போதும் நாம் சொல்லிக்கொடுத்த தமிழில் "வரேன்மா" என்று சொல்லிவிட்டுத்தான் போனாள். அதுதான் இன்னும் உறுத்துகிறது.

இன்று அவளைக் கூட்டி வா. நீங்கள் ஆசைப்பட்ட கொரியச் சமையலை நம் அடுப்பிலேயே செய்யுங்கள். நீ வாங்கிய கறி பிரிட்ஜில் அப்படியே இருக்கிறது. மெல்லிசாக அரிந்து, சோயா சாஸில் ஊறவைத்துச் சுடவேண்டும் என்றாயே, அதற்குப் பழைய இரும்புத் தோசைக்கல்லைக் கழுவி வைத்திருக்கிறேன். பூண்டும் உரித்துவிட்டேன். சுருட்டித் தின்ன லெட்யூஸ் இலை ஈரத்துணியில் இருக்கிறது. மேஸ்திரியிடம் கேட்டு, பசுமைக்குடிலில் நானே பறித்தது. ஆறு வருஷமாகப் பெங்களூர் லாரிக்குப் பறிக்கிறேன், ஒரு இலை தின்றதில்லை.

சாமி படத்தைத் துணி போட்டு மூடாதே. மாதேஸ்வரன் பார்க்காத பசியா?

அம்மா

ஜன்னலைத் திறந்து வை, புகை அடையும்.

இன்னொன்று. கறி எனக்கு வேண்டாம். ஆனால் ஒருத்தர் சுருட்டி இன்னொருத்தர் வாயில் வைப்பார்கள் என்றாயே. வெறும் சோறும் பூண்டும் வைத்து, இபானை எனக்கு ஒன்று ஊட்டச் சொல். நாலு மணிக்கு வந்துவிடுவேன். அதுவரை அவளைப் போகவிடாதே.