ரொம்லாவின் நான்கு அடிகள்

மார்ச் 4
ஜகார்த்தாவில் எழுத்தாளர் உரிமைப் பேரணி. வழக்கம்போல் நாலடிப் பாந்துன் பாட்டோடு தொடங்கினேன்:

சிலிவுங் ஆற்றில் வீசினேன் வலை,
சேற்றோடு வந்தது வாளை மீன்;
பாட்டைக் கட்டினவள் பசித்த நிலை,
பாடித் திரிபவன் நாவில் தேன்!

அடிக்கொரு முறை கூட்டம் "சாக்கெப்!", அழகு, என்று மெச்சி முழங்கியது. பதாகையில் அவ்வடிகளின் கீழ் என் பெயர்: ஜைலானி.

அவை என்னுடையவை அல்ல. சென்ற ஆண்டு சொண்டெட் பகுதியில் ஒரு திருமணத்தில், எதிர்ப்பாட்டுச் சொன்னால்தான் கதவு திறக்கும் என்ற வழக்கப்படி, மணமகள் வீட்டு வாயிலில் மாப்பிள்ளை வீட்டாரை மறித்து, கூலிக்குப் பாடும் ரொம்லா பாடியவை. அவளே கட்டியவை. பாந்துன் ஊர்ப்பொது, யார் கேட்கப்போகிறார்கள் என்று எடுத்துக்கொண்டேன். ஒருவர் நூலில் ஒரு பத்தி களவுபோனால் மேடை அதிரக் கொதிப்பவன் நான்!

மார்ச் 7
என் சொற்பொழிவு நூலுக்குப் பதிப்பாளர் உறுதிமொழி கேட்டார்: அனைத்தும் என் சொந்த ஆக்கம். கையெழுத்திட்டேன். கை தயங்கவே இல்லை. அதுதான் உறுத்துகிறது.

மார்ச் 10
சொண்டெட்டில் திருமணம், நான் சிறப்பு விருந்தினன். வாயிலை மறித்து நின்ற ரொம்லா அதே பாட்டைத் தொடங்கினாள். இரண்டாம் அடியிலேயே மாப்பிள்ளை வீட்டார் கூவினர்.

"யக்கா, அது ஜைலானி அண்ணன் பாட்டாச்சே! அவரு முன்னாடியே திருடுறியே!"

"சொந்தச் சரக்கு தீந்துபோச்சா?"

சிரிப்பு. அவள் என்னைப் பார்த்தாள். நான் கையிலிருந்த குவளையைப் பார்த்தேன்.

விடைபெறும்போது அருகில் வந்தாள். "என் பாட்ட நான் பாட ஒங்ககிட்ட சீட்டு வாங்கணுமாண்ணே?"

வாயத் தெறந்திருக்கலாமே — ஏன்டா தெறக்கல? ஒரு வார்த்தை — ஒரே ஒரு வார்த்தை!

மார்ச் 11
அடுத்த திருமணத்திற்கு ரொம்லாவை விட்டு வேறொருவரை அமர்த்திவிட்டார்களாம். 'திருட்டுப் பாட்டுக்காரி வேண்டாம்' என்றார்களாம்.

மார்ச் 15
மீண்டும் பேரணி. முதலிரண்டு அடிகள். "சாக்கெப்!" நிறுத்தினேன். இது ரொம்லா கட்டியது, களவாடியவன் நான் என்றேன். அதன்பின் முழக்கம் எழவில்லை. பின்வரிசையிலிருந்து ஒருவன் மட்டும் கேட்டான்: "அப்ப இத்தன நாளா எங்களுக்கு என்னத்தண்ணே சொல்லிக்குடுத்தீங்க?"

மேடையை விட்டு இறங்கினேன்.

மார்ச் 21
நூல் நின்றுவிட்டது. மேடை அழைப்பும் இல்லை.

மார்ச் 28
ஞாயிறன்று என் அக்காள் மகனுக்குத் திருமணம். பெண்வீட்டார் வாயிலை மறிக்க ரொம்லாவை அமர்த்தியிருக்கிறார்கள். சொல்லியனுப்பினாள்: "மாப்பிள்ளைக்காக ஜைலானி அண்ணன்தான் எதிர்ப்பாட்டுச் சொல்லணும். நாலு வரி, சொந்தமா. இல்லேன்னா கதவு தெறக்காது."

காலை முதல் எழுதுகிறேன். இரண்டு வரி வந்திருக்கிறது.