மிஞ்சிய கூறு

அக்கரப்பத்தனை டவுனில் புதிதாகத் திறந்திருக்கும் கடைக்குச் சவர்க்காரம் வாங்கப் போயிருந்தேன். காசு வாங்கும் பிள்ளை கட்டியைத் திருப்பி, அதன் முதுகிலிருந்த கறுப்புக் கோடுகளை மெஷினுக்குக் காட்டினாள். 'பீப்' என்றது. என்ன சாமான் என்று அதுவே சொல்லிவிட்டது. எனக்கு உடனே உன் முகம்தான் வந்தது. செத்து ஐந்து வருசமாகியும், சவர்க்காரம் வாங்கப் போன இடத்தில்கூட நீ என்னை விடமாட்டாய் போலிருக்கிறது.

பாசம் பொங்கி எழுதுகிறேன் என்று நினைக்காதே. நீ உயிரோடு இருந்தபோது கேட்காமல் விட்டேனே, அதைக் கேட்கத்தான் எழுதுகிறேன்.

அந்தத் தீபாவளிக்கு நம் தோட்டத்து லய வீடுகளில் பத்துக் குடும்பம் சேர்ந்து பங்கு ஆடு அடித்தோம். வழக்கம்போல வெட்டியதும் நீ, உரச்சாக்கை விரித்துக் கூறு போட்டதும் நீ. உன் கைக் கூற்றில் யாரும் குறை சொன்னதில்லை. விடிந்த கையோடு எல்லாரும் அவரவர் பங்கை வாங்கிக்கொண்டு போய்விட்டோம். மத்தியானம் போல நீ என் வீட்டுக் காம்பராவுக்கு ஓடி வந்தாய். காலில் செருப்பில்லை. மூச்சு வாங்கியது. கையில் ஒரு சொப்பிங் பை.

"ஒரு கூறு மிஞ்சிருச்சு மச்சான். ஆட்டுக்கறிதான். தங்கச்சிய எடுத்து வைக்கச் சொல்லு."

"உனக்கு வேணாமாடா?"

"நீ கங்காணி. ஒன் வீட்டுக்குத்தான் நாலு பேரு வருவாங்க. வச்சுக்க."

இதைப் பாசம் என்று நம்பினேன் பார், அந்தப் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

கொஞ்ச நேரத்தில் வனவிலங்கு அதிகாரிகளின் ஜீப் வந்து நின்றது. கீழே ஆற்றோரம் ஒரு மரை மானின் தலையும் தோலும் கிடந்ததாம். கம்பிச் சுருக்கும் இருந்ததாம். வீடு வீடாக நுழைந்தார்கள். மற்ற வீடுகளில் கறி அடுப்பில் வெந்துகொண்டிருந்தது. என் வீட்டில் மட்டும் பை நிறையப் பச்சைக் கறி. பெரிய அதிகாரி பையைத் தூக்கிப் பிடித்து, "மே மொன மஸ்த?" என்று, இது என்ன இறைச்சி எனச் சிங்களத்தில் கேட்டார். "எளு மஸ், சேர்" என்றேன். ஆடு என்று நான் சொன்னதை அவர் நம்பவில்லை.

அவர்களில் தமிழ் பேசிய ஒரு சின்ன அதிகாரி சோதனைக்கு அனுப்பப்போவதாகச் சொன்னார். "தோலு, கொம்பு ஒண்ணும் வேணாங்க. ஒரு துணுக்குக் கறி போதும். எல்லா மிருகத்துக்கும் ஒடம்புல இருக்கிற டி.என்.ஏ.யில ஒரே எடத்துல ஒரு சின்னத் துண்டு இருக்கு. அதுல நாலே நாலு எழுத்து மாறி மாறி வரும். ஆட்டுக்கு ஒரு வரிசை, மரைக்கு ஒரு வரிசை. சோப்புல கோடு போட்டிருக்காங்கள்ல, அது மாதிரி."

எனக்கு எவ்வளவு சந்தோசம் தெரியுமா? "அனுப்புங்க சேர்! இன்னைக்கே அனுப்புங்க! ஆடு இல்லன்னு வந்தா நான் கங்காணி வேலையவே விட்டுர்றேன்!" என்று லயமே கேட்கக் கத்தினேன். நீ தண்ணிப் பீலிக்குப் பக்கத்தில் கையைக் கட்டிக்கொண்டு நின்றாய். கறியை ஒத்துக்கொள்ளக்கூட வேண்டாம். என்னை அந்தப் பக்கம் இழுத்து, "வாய மூடு மச்சான்" என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே? நான் என் குழியை நானே தோண்டுவதைப் பார்த்துக்கொண்டு நின்றாயே, நீயெல்லாம் மனுசனா?

அறிக்கை வந்தது. தாள் முழுக்க இங்கிலிஷ் எழுத்து நாலும் திரும்பத் திரும்ப வரிசையாக நின்றன. கடைசியில் ஒரே முடிவு, மரை. கோர்ட்டில் அதை வாசித்தபோது கூட்டத்தில் உன்னைத் தேடினேன். நீ உன் காலைப் பார்த்துக்கொண்டிருந்தாய். குற்றவாளி என்று எழுதினார்கள். கங்காணி வேலை போனது. 'மரைக் கங்காணி' என்ற பெயர் மட்டும் மிஞ்சியது. மலையில் கொழுந்தெடுக்கும் பெண்கள்கூட அப்படித்தான் கூப்பிட்டுச் சிரித்தார்கள்.

பிறகுதான் அடிவாரத்துத் தேத்தண்ணிக் கடைக்காரர் சொன்னார். ஜீப் அவர் கடையில் நின்று வழி கேட்டபோது நீ அங்கே இருந்தாயாம். குடித்த தேத்தண்ணியை அப்படியே வைத்துவிட்டுக் குறுக்குப் பாதையில் ஓடினாயாம். எங்கே ஓடினாய் என்று எனக்குத்தானே தெரியும்.

அப்போதே உன்னைக் காட்டிக்கொடுத்திருப்பேன். உன் மகள் உயர்தரப் பரீட்சை எழுதிக்கொண்டிருந்த மாதம் அது. பரீட்சை முடியட்டும், அவனே வந்து சொல்வான் என்று காத்திருந்தேன். நீ என்னைக் கண்டால் வேறு பாதையில் இறங்கிப் போனாய். இரண்டு வருசம் அப்படியே ஓட்டிவிட்டு, நெஞ்சுவலி என்று ஒரே நாளில் போய்ச் சேர்ந்தாய். உனக்கு நான் வாய்க்கரிசி போடவில்லை. துக்கத்தில் கை வரவில்லை என்று சனங்கள் பேசிக்கொண்டார்கள். துக்கமுமில்லை, மண்ணுமில்லை. வெறுப்புதான்.

போன வாரம் உன் மகள் வீட்டுக்கு வந்தாள். தோட்டத்துப் பாடசாலையில் விஞ்ஞானம் படிப்பிக்கிறாள்.

"மாமா, ஒங்க கேஸ்ல வந்த அந்த ரிப்போர்ட் இருக்குங்களா? பிள்ளைகளுக்கு இந்தப் பாடம் எடுக்கப் போறேன். இதக் காட்டுனா நல்லா வெளங்கும்."

பெட்டிக்கு அடியிலிருந்து எடுத்துக் கொடுத்தேன். எழுத்து எழுத்தாக விரல் வைத்துப் பார்த்தாள். பிறகு தாளை மடித்துக்கொண்டே, "நீங்க சுருக்கு வைக்கிற ஆளு இல்ல மாமா. யாரு குடுத்த கறி அது?" என்றாள்.

இத்தனை வருசத்தில் இந்தக் கேள்வியை இப்படி நம்பிக்கையோடு ஒருவரும் என்னிடம் கேட்டதில்லை. உன் பெயர் நாக்கு நுனிக்கு வந்துவிட்டது. அவள் முகத்தைப் பார்த்தேன்.

"பழைய கதம்மா. யாருன்னு ஞாபகமில்ல."

"அப்பா இருந்திருந்தா அந்த ஆளத் தேடிப் பிடிச்சு நாலு சாத்து சாத்தியிருப்பாரு மாமா."

"ஆமாம்மா. ஒங்கப்பன் சும்மா விட்டிருக்க மாட்டான்" என்றேன்.

அவள் சந்தோசமாகப் படியிறங்கிப் போனாள். அந்த வார்த்தையை உனக்காகச் சொன்னேன் என்று மட்டும் நினைத்துக்கொள்ளாதே.