தயிர்சோற்றில் கலந்தது

அக்கா,

இன்று காலை நீடாமங்கலம் மருந்துக்கடையில் எனக்கு முன்னால் நின்றவர் ஒரு மாத்திரை அட்டையைக் காட்டி, "இதைப் பொடி பண்ணிச் சோத்துல கலந்தா கசக்குங்களா? தங்கச்சி சாப்பிட மாட்டேங்குது" என்று கேட்டார். கடைக்காரர், "தயிர்ல கலங்க, தெரியாது" என்றார். என்னுடைய பிரஷர் மாத்திரையை வாங்காமலேயே வந்துவிட்டேன்.

தயிரில் தெரியாது என்று நம்பித்தான் நானும் ஒன்றரை வருடம் ஓட்டினேன். உனக்குக் குரல்கள் கேட்க ஆரம்பித்து, நடவு ஆட்களோடு சண்டை போட்டு, கட்டி வைத்த நாற்று முடிகளை வாய்க்காலில் வீசிய வருடம் அது. தஞ்சாவூர் டாக்டர் எழுதிக் கொடுத்த மாத்திரையை என் மூஞ்சியில் எறிந்தாய். "எனக்கு ஒண்ணுமில்லடா, நீ போட்டுக்க" என்றாய். உரக்கடை வைத்திருக்கிற எனக்கு அளந்து கலக்கச் சொல்லியா தர வேண்டும்? டம்ளரின் அடியால் நசுக்கி, மத்தியானம் உனக்குப் போடும் தயிர்சோற்றில் பிசைந்து, மேலே மாவடு வைத்து மறைத்தேன்.

சண்டை நின்றது. கூடவே நீயும் நின்றுபோனாய். ஆள் விட்டு வேலை வாங்குகிற நீ வரப்பில் உட்கார்ந்தபடியே தூங்கினாய். "நாக்கு தடிச்சுப் போச்சுடா, உடம்பு என்னமோ பண்ணுது" என்றாய். "வெயில்க்கா" என்றேன். அதை எத்தனை தடவை சொல்லியிருப்பேன் என்று தெரியாது. ஒரு தடவைகூட வாய் கூசவில்லை.

ஒருநாள் சரியாக நசுங்காத துண்டு உன் பல்லில் பட்டது. அதைத் துப்பி, விரல் நுனியில் வைத்துப் பார்த்தாய். பிறகு என்னைப் பார்த்தாய். அதோடு நம் வீட்டில் பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. உரித்துத் தின்கிற பொருள் மட்டும்தான்: வாழைப்பழம், வேர்க்கடலை, ரயில்வே ஸ்டேஷன் வாசலில் கூத்தாநல்லூர் ஜமீலா விற்கிற அவித்த முட்டை. மருந்து நின்றதும் குரல்கள் திரும்பி வந்தன. நீ ஸ்டேஷனிலேயே தங்கிவிட்டாய். வண்டி வருகிற நேரம் தண்டவாளத்தில் இறங்கி நிற்கிறாய் என்று போலீஸ் உன்னை மாஜிஸ்திரேட் முன்னால் நிறுத்தியது. என்னையும் வரச் சொன்னது.

உன்னை ஆஸ்பத்திரியில் சேர்க்க உத்தரவு கிடைத்தால் போதும் என்றுதான் வந்தேன். அன்று காலை உன்னைப் பார்த்த டாக்டரின் குறிப்பை மாஜிஸ்திரேட் அம்மா வாசித்தார். 'வீட்டார் உணவில் ஏதோ கலப்பதாக ஆதாரமற்ற சந்தேகம்' என்று அதில் இருந்தது. நிமிர்ந்து, "அப்படியாம்மா?" என்று உன்னிடமே கேட்டார்.

"கலக்குறான்மா. இவன்தான். கேட்டுப் பாருங்க" என்றாய். நீ கத்தவே இல்லை. எல்லோரும் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார்கள். கூட வந்த போலீஸ்காரர் என் தோளைத் தட்டிக் கொடுத்தார்.

நான் வாயை மூடிக்கொண்டிருந்தால் போதும் அக்கா. நீ சொன்ன உண்மையே உன் வியாதிக்கு அத்தாட்சியாகியிருக்கும். மூடிக்கொண்டும் இருந்தேன், அவர் பேனாவை எடுக்கும்வரை. இதை எழுதும்போதும் வெட்கமாக இருக்கிறது. நீ என் பக்கம் திரும்பவில்லை, உன் விரல் நுனியைப் பார்த்துக்கொண்டிருந்தாய்.

"அம்மா, அக்கா சொல்றது நெசம். நான்தான் கலந்தேன்" என்றேன். "டாக்டர் குடுத்த மாத்திரையைத்தாம்மா."

"எவ்வளவு நாளா?"

"ஒண்ணரை வருஷமா."

"அவங்ககிட்ட சொன்னீங்களா?"

"இல்லம்மா."

அவர் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. டாக்டர் குறிப்பில் அந்தச் சந்தேக வரியைத் திருத்தி எழுதச் சொன்னார். பத்து நாளைக்கு மேல் போகாமல் உன்னை ஆஸ்பத்திரியில் வைத்துப் பார்க்கச் சொன்னார். எந்த மருந்தையும் உன்னிடம் சொல்லிவிட்டே தர வேண்டும் என்றும் உத்தரவில் எழுதினார். ஆஸ்பத்திரியில், உனக்கு முடியாத சமயத்தில் உன் சார்பில் பேச யார் வேண்டும் என்று கேட்டார்கள். கூடப் பிறந்தவன் பக்கத்திலேயே நிற்கிறேன். நீ யோசிக்கக்கூட இல்லை. "முட்டைக்கார ஜமீலா" என்றாய்.

மருந்தின் அளவைக் குறைத்தார்கள், நாக்கு சரியானது. மாத்திரையை அட்டையிலிருந்து நீயே பிதுக்கிப் போட்டுக்கொண்டாய். மறுபடி வயலில் இறங்கி ஆட்களை வாங்கு வாங்கென்று வாங்கினாய், கேட்கச் சந்தோஷமாக இருந்தது. ஆனால் உனக்குத் தனி அடுப்பு. என் கையால் ஒரு வாய் சாப்பிடவில்லை. "இன்னும் கோவமாக்கா?" என்று ஒரு தடவை கேட்டேன். "கோவமெல்லாம் போயிருச்சுடா. பயம்தான் போகமாட்டேங்குது" என்றாய். ஜமீலாவின் பெயரையும் கடைசிவரை நீ மாற்றவில்லை.

மருந்துக்கடையில் அந்த மனிதரிடம் ஒரு வார்த்தை பேசாமல் வந்தது இப்போதுதான் உறைக்கிறது. மறுபடியும் வாயை மூடிக்கொண்டேன். கடையில் கேட்டால் அவர் வீட்டைச் சொல்வார்கள். சாயங்காலம் போய் எல்லாவற்றையும் சொல்லப் போகிறேன், நீ போன அன்று நடந்ததையும் சேர்த்து. அது உனக்கும் தெரிந்திருக்காது.

நெஞ்சுவலி வந்து நீ போன அன்று, வாய்க்கரிசி போட என்னைக் கூப்பிட்டார்கள். ஜமீலா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு ஓரமாக நின்றார். முறத்திலிருந்து ஒரு பிடி எடுத்தேன். போடக் கை வரவில்லை. உள்ளங்கையை விரித்து உன் முகத்துக்கு நேரே நீட்டி, விரலால் கிளறிக் காட்டினேன். "என்ன பண்றீங்க, போடுங்க" என்று யாரோ அவசரப்படுத்தினார்கள்.

"வெறும் அரிசிதான்க்கா" என்று சொல்லிவிட்டுத்தான் போட்டேன்.