நாலாவது பாட்டு முடிகிற இடம்

என் பாட்டுப் பைத்தியம் அக்காவுக்கு,

முத்தியால்பேட்டையில் எல்லோரும் சுகம். புது ஹார்ட் டிஸ்க் வாங்கியிருக்கிறேன். தேய்ந்துவிடும் என்று பீரோவில் புடவைகளுக்கு நடுவே பூட்டிவைத்தோமே உன் சிடிகள், அவற்றை மறுபடி கம்ப்யூட்டரில் ஏற்றுகிறேன். இந்தத் தடவை லாஸ்லெஸ். சிடியில் இருப்பதில் ஒரு துளியும் கழிக்காத முறை. அன்றைக்கு இடம் போதாமல் எல்லாவற்றையும் எம்பி3 ஆக்கிச் சுருக்கிய பாவத்துக்குப் பரிகாரம்.

கல்யாணமாகி பிரான்சுக்குப் போன உன் தோழி அனுப்பிய பாப் கச்சேரி சிடியைத்தான் முதலில் போட்டேன். அதன் எம்பி3-ஐக் கேட்டுவிட்டு நாம் போட்ட சண்டை ஞாபகம் இருக்கிறதா?

"நாலாவது பாட்டு முடியற எடத்துல ஏதோ இடறுதுடா."

"ஒங்காதுலதான் கோளாறு."

அதோடு விட்டேனா? நீ தலையைச் சாய்த்துக் கேட்பதை அம்மா, அத்தை எல்லோர் முன்னாலும் நடித்துக் காட்டினேன். எல்லோரும் சிரித்தார்கள், நீயும் சிரித்தாய். அப்புறம் அந்தப் பாட்டை நீ வைக்கவே இல்லை.

அப்படி என்னதான் கேட்டது உனக்கு? அது தெரியாமல் இருப்புக்கொள்ளவில்லை. ஹெட்போனை மாட்டிக்கொண்டு பழையதையும் புதியதையும் மாற்றி மாற்றி வைத்தேன். குரலில் வித்தியாசம் தெரியவில்லை, கிடாரிலும் தெரியவில்லை. என் காதுக்கு இரண்டும் ஒன்றுதான்.

பிறகு நிறுத்தாமல் ஓடவிட்டேன். மேடையில் பாடியதை அப்படியே பதிந்த சிடி அல்லவா? நாலாவது பாட்டு முடிந்தும் டிரம்ஸ் நிற்கவில்லை. கைதட்டலுக்கு அடியிலேயே ஓடி அடுத்த பாட்டைப் பிடித்துக்கொள்கிறது. என் எம்பி3-இல் அந்த இடத்தில் ஒரு கணம் சத்தமே இல்லை. பாட்டுப் பாட்டாக வெட்டிச் சுருக்கியதில் நான் செய்த வேலை அது. உனக்குச் சரியாகத்தான் கேட்டிருக்கிறது, அக்கா.

ஏன் ஒருமுறைகூட உன்னோடு உட்கார்ந்து நான் கேட்கவில்லை? மறுவருஷம் நெஞ்சு படபடக்கிறது என்றாய். அதற்கும் "எல்லாம் ஒன் பிரமை" என்றேன். அந்த நெஞ்சுதான் உன்னைக் கொண்டுபோனது.

நேற்று அம்மா, "முட்டிக்குள்ள ஏதோ கடகடன்னு கேக்குதுடா" என்றாள். கிண்டல் வாய்வரை வந்துவிட்டது. விழுங்கிக்கொண்டு தரையில் உட்கார்ந்தேன். காலை மடக்கி நீட்டச் சொல்லி, முட்டியில் காதை வைத்தேன்.

கேட்டது, அக்கா.

திங்கட்கிழமை டாக்டரிடம் கூட்டிப்போகிறேன். இனி வீட்டில் யார் எது கேட்கிறது என்றாலும் முதலில் காதை வைப்பேன், அப்புறம்தான் வாயைத் திறப்பேன். இது சத்தியம்.

உன் செவிட்டுத் தம்பி,
குமரன்