கோப்பையைத் தொட்டவன்

ஏப்ரல் 11, வியாழன்
இதனால் சகலருக்கும் அறிவிப்பது என்னவென்றால், இன்று காலை எங்கள் வீட்டில் ஒரு கோப்பை காலமானது. காபிக் கோப்பை. அப்பாவின் முழங்கை இடித்துவிட்டது. "ஃபைனல் வர்ற நேரத்துல இது சரியில்ல," என்று முனகிக்கொண்டே துண்டுகளைப் பொறுக்கினார்.

எங்கள் ஊர் ஐஸ் ஹாக்கி அணிக்கு நீர்நாய்கள் என்று பெயர். சரித்திரம் ரொம்பச் சுருக்கம்: 1982இல் ஒரு தங்கம். அதற்கப்புறம் ஐந்து ஃபைனல், ஐந்திலும் வெள்ளி. தங்கம் இந்த ஊரில் தங்குவதே இல்லை. அரங்கத்துக் கூரையில் தொங்குவது ஒரே ஒரு வெற்றிக் கொடி. அந்த 82 ஃபைனலின் வெற்றிக் கோலைச் சொல்லும்போது, கம்பத்தில் பட்டு உள்ளே போன சத்தத்தையும் அப்பா வாயாலேயே போடுவார். அந்த "டிங்" மட்டும்தான் நான் அனுபவித்த சாம்பியன் பட்டம். எரிச்சலாக வருகிறது.

ஏப்ரல் 15, திங்கள்
சனிக்கிழமை நிஜக் கோப்பையை நூலகத்தில் பார்வைக்கு வைத்தார்கள். ஜெயிக்கும்வரை எங்கள் ஊர்க்காரன் எவனும் அதைத் தொடக் கூடாது. தொட்டால் தோற்போம். சட்டம் இல்லை, சட்டத்தைவிட மோசம்.

இன்று வகுப்பில் எழுந்து நின்று அறிவித்தேன். தொட்டேன். முழு உள்ளங்கையால். தட்டியும் பார்த்தேன், உள்ளே காலி.

அப்படி ஒரு நிசப்தத்தை எந்த வாத்தியாரும் வாங்கியதில்லை! நீலோ மட்டும் வெளுத்துப்போனான். என் உயிர் நண்பன். அவன் அண்ணன் வில்ஹோதான் எங்கள் கோல்கீப்பர்.

"ஈத்து, உனக்கு விளையாட வேற எதுவுமே கிடைக்கலயாடா?" என்றான்.

ஏப்ரல் 16, செவ்வாய்
ஃபைனல் தொடரின் முதல் ஆட்டம். 1–5. எல்லோரும் என் கையைப் பார்த்தார்கள்.

ஏப்ரல் 18, வியாழன்
வியாழன் என்றால் பள்ளியில் பட்டாணி சூப், பிறகு பான்கேக். பரிமாறுகிற ஹில்யா அக்கா எனக்கு சூப் ஊற்றியதோடு கரண்டியை வைத்துவிட்டார். "தொட்ட கைக்கு பான்கேக் கிடையாது." சிரிப்பார் என்று பார்த்தேன். சிரிக்கவில்லை.

மாலை இரண்டாவது ஆட்டமும் போச்சு. ஊரே தொட்டாச்சிணுங்கி ஆகிவிட்டது. பஸ்ஸில் நீலோ வேறு சீட்டுக்குப் போய்விட்டான். ஒன்றாம் வகுப்பிலிருந்து இதுதான் முதல் தடவை.

ஏப்ரல் 22, திங்கள்
தொடர்ந்து இரண்டு ஜெயித்துவிட்டோம்! இப்போது 2–2, நான்கு ஜெயிப்பவருக்குக் கோப்பை. இதற்கு மட்டும் எவனும் என் கையைக் காரணம் சொல்லவில்லையே, ஏன்?

நீலோவை வழிமறித்துக் கேட்டேன்.

"எங்கண்ணன் காதுக்கும் போயிடுச்சு," என்றான். "சிரிச்சான். அப்புறம் தட்டை அப்படியே வச்சுட்டு எழுந்துட்டான்."

ஏப்ரல் 24, புதன்
தோல்வி. தொடரில் 2–3.

தாங்க முடியாமல் அப்பாவிடம் உண்மையைச் சொன்னேன். தொடலப்பா, சும்மா அளந்துவிட்டேன் என்று. பயத்தில் மாற்றிப் பேசுகிறேனாம்! நீலோவுக்கு மெசேஜ் அனுப்பினேன். "நீ வாயத் தொறந்தாலே பொய்" என்று பதில்.

பொய்யை ஒரே நாளில் நம்பினார்கள். உண்மைக்கு ஒரு ஆள் இல்லை. என்ன ஊர்டா இது — இல்லை, என்ன ஆள்டா நான்?

அடுத்த ஆட்டம் வெள்ளிக்கிழமை. நாள் பார்த்து வைத்திருக்கிறார்கள்.

ஏப்ரல் 26, வெள்ளி
வெள்ளி.

ஏப்ரல் 28, ஞாயிறு
நீலோ வீட்டுக்குப் போனேன். கதவைத் திறந்தது வில்ஹோ அண்ணன். கோப்பைக்காக வளர்த்த தாடியை மழித்திருந்தார். முகம் சின்னதாகத் தெரிந்தது. வாசலிலேயே ஒரே மூச்சில் சொல்லிவிட்டேன்: தொடவில்லை, அத்தனையும் பீலா.

மழித்த கன்னத்தைத் தடவிக்கொண்டார்.

"ச்சே," என்றார். "நம்ம ஊர்ல ஒருத்தனாவது அதத் தொட்டிருக்கான்னு நெனச்சிட்டிருந்தேன்டா."

அவர் தோளுக்குப் பின்னாலிருந்து நீலோ எட்டிப் பார்த்தான். பத்து நாளாகத் தானாக வந்து பேசாதவன். "எவ்வளவு பக்கத்துல போன? உண்மையச் சொல்லு."

சொன்னேன். இங்கேயும் எழுதிவிடுகிறேன். தடுப்புக் கயிற்றுக்கு இந்தப் பக்கமே நின்றேன். என் முறை வந்ததும் ஒரு அடி பின்னால் வைத்தேன். கையுறையைக்கூடக் கழற்றவில்லை. இரண்டு கையையும் பாக்கெட்டுக்குள் விட்டுக்கொண்டு, மூச்சு கீச்சு பட்டுவிடப் போகிறதே என்று வாயையும் இறுக்கி மூடிக்கொண்டு வந்துவிட்டேன்.